க்ராக் போட்டா நஷ்டம் கம்பெனிக்கு மட்டும் தானா?

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

திருட்டு சாஃப்ட்வேர் பத்தி, அதாவது காசு குடுக்காம லைசன்ஸ் பூட்ட உடைச்சு "க்ராக்" போட்டு ஓட்டறதப் பத்தி நம்ம பேப்பர்ல வந்த கட்டுரைய படிச்சேன், அதுக்கப்புறம் வந்த வாசகர் கடிதங்களையும் விடாம படிச்சேன். பாதிப் பேரு திருட்டு திருட்டுதான், புடிச்சு உள்ள போடணும்னு எழுதியிருக்காங்க. மீதிப் பேரு இவ்வளவு விலை வெச்சா ஏழைபாழை எங்க போவான், அமெரிக்காகாரன் ஏற்கனவே கோடி கோடியா சம்பாதிச்சுட்டான், நாம ஒரு காப்பி போட்டா அவன் ஒண்ணும் குடிமுழுகிட மாட்டான்னு எழுதியிருக்காங்க. இதே சண்டை எங்க நீலகிரில ஃபோட்டோகிராஃபர் குரூப்பு, டிடிபி (அச்சுக்கு கம்ப்யூட்டர்ல பக்கம் செய்யற வேலை) குரூப்பு, ஊர் குரூப்புன்னு எல்லா வாட்ஸ்அப் குரூப்லயும் ஓடிட்டே இருக்கு. யாராவது ஒருத்தர் "ஃபோட்டோஷாப் லேட்டஸ்ட் க்ராக் லிங்க் இருந்தா போடுங்க அண்ணா"ன்னு கேப்பாரு, ஒருத்தர் டெலிகிராம் லிங்க் போடுவாரு, இன்னொருத்தர் வெக்கமா இல்லையான்னு கேப்பாரு, அவ்வளவுதான், ராத்திரி வரைக்கும் சண்டை. கடைசில அட்மின் வந்து குரூப்ப லாக் பண்ணிடுவாரு.

நான் கோத்தகிரில ஒரு சின்ன கம்ப்யூட்டர் சென்டர்ல டேலி, டிடிபி, தமிழ் டைப்பிங் சொல்லிக் குடுக்கறேன். சுத்துவட்டாரத்துல இருக்கற ஹட்டிகள்ல (படுகர் ஊருங்க) இருந்தும் எஸ்டேட் லைன்ல இருந்தும் வர்ற பொண்ணுங்க பசங்க தான் என்கிட்ட படிக்கறாங்க. இந்த ரெண்டு கோஷ்டியும் ஒரு விஷயத்த பாக்கவே மாட்டேங்கறாங்கன்னு எனக்கு ரொம்ப நாளா ஆதங்கம். க்ராக் போடறதால பெரிய கம்பெனிக்கு ஆகற நஷ்டம் கம்மி தான். இலவசமாவும் கம்மி விலைலயும் நல்ல சாஃப்ட்வேர் செஞ்சு குடுக்கறவங்களுக்கும், தமிழுக்குன்னு உக்காந்து எழுதறவங்களுக்கும், ஒண்ணும் தெரியாம லேப்டாப்ப கடைல குடுத்துட்டு வர்ற நம்ம ஜனங்களுக்கும் ஆகற நஷ்டம் தான் ரொம்பப் பெருசு. அதப் பத்தி பேச ஆளே இல்ல, அதுக்குத்தான் இந்த லெட்டர், கொஞ்சம் நீளமா போச்சுன்னா பொறுத்துக்கோங்க.

இந்த சண்டைக்கு இப்போ 50 வயசு. 1976 பிப்ரவரில பில் கேட்ஸ் கம்ப்யூட்டர் ஆர்வலர்களுக்குன்னு ஒரு பகிரங்கக் கடிதம் எழுதினாரு. அப்போ மைக்ரோசாஃப்ட் ரொம்ப சின்ன கம்பெனி, ஆல்டேர்னு ஒரு கம்ப்யூட்டருக்கு பேசிக்ங்கற புரோகிராம் மொழிய எழுதிக் குடுத்திருந்தாங்க, ஓட்டை போட்ட காகித டேப்ல தான் அது வரும். கலிஃபோர்னியால ஹோம்ப்ரூ கம்ப்யூட்டர் கிளப்னு ஒரு கூட்டம் இருந்துச்சு, அங்க ஒரு டேப் கைக்கு வந்ததும் காப்பி எடுத்து ஆளாளுக்கு குடுத்துட்டாங்க. ஆல்டேர் வெச்சிருக்கறவங்கள்ல 10 சதவீதம் பேரு கூட காசு குடுத்து பேசிக் வாங்கல, நாங்க உழைச்ச நேரத்துக்கு கணக்கு பாத்தா மணிக்கு 2 டாலர் கூட தேறலன்னு அவரு புலம்பியிருந்தாரு. நியாயமான புலம்பல் தான், நான் குறை சொல்ல மாட்டேன்.

இந்தக் கதைய எல்லாரும் சொல்லுவாங்க. அதே சமயத்துல நடந்த இன்னொண்ண யாரும் சொல்றதில்ல. டைனி பேசிக்னு ஒரு குட்டி பேசிக்க சில பேரு சேந்து யோசிச்சு, இந்தாங்க யார் வேணா எடுத்துக்கோங்கன்னு பத்திரிகைல அச்சடிச்சு குடுத்தாங்க. டாம் பிட்மேன்னு ஒருத்தர் மோட்டோரோலா 6800 சிப்புக்கு ஒரு டைனி பேசிக் எழுதி வெறும் 5 டாலருக்கு வித்தாரு, காப்பி அடிக்கற சிரமத்துக்கு இந்தக் காச குடுத்துட்டு போலாம்னு ஜனங்க நெனைக்கற விலை. ஜனங்களும் வாங்கினாங்க. அதாவது, அதிக விலைக்கு விக்கறவன், திருடறவன்னு ரெண்டே கட்சி அன்னைக்கே இல்ல. மூணாவதா ஒரு கட்சி இருந்துச்சு. அதுக்கப்புறம் 1983ல ரிச்சர்ட் ஸ்டால்மேன் குனுங்கற இலவச சாஃப்ட்வேர் திட்டத்த அறிவிச்சதும் 1991ல விண்டோஸ் மாதிரியே கம்ப்யூட்டர ஓட்டற இலவச லினக்ஸ் வந்ததும் இந்த மூணாவது கட்சியோட வேலைதான். இன்னைக்கு நம்ம சண்டைல காணாம போறது இந்த மூணாவது ஆளு தான்.

ஏன் காணாம போறாங்கன்னா, க்ராக் இருக்கறதால. இதத்தான் நான் அடிச்சு சொல்றேன். ஃபோட்டோஷாப்பும் கோரல் டிராவும் ஓசில கிடைக்கற ஊர்ல, அதே வேலைக்கு சட்டப்படியே இலவசமா இருக்கற கிம்ப்ப யாரு தொடுவா, இங்க்ஸ்கேப்ப யாரு கத்துக்குவா? விலை குடுத்துத்தான் வாங்கணும்னு இருந்திருந்தா எங்க ஊரு டிடிபி கடைல பாதிப் பேரு என்னைக்கோ இலவச சாஃப்ட்வேருக்கு மாறியிருப்பாங்க. இது கம்பெனிக்காரங்களுக்கும் நல்லாவே தெரியும். 1998ல வாஷிங்டன் யுனிவர்சிட்டில பேசும்போது பில் கேட்ஸே சொல்லியிருக்காரு, சீனால கம்ப்யூட்டர் லட்சக்கணக்குல விக்குது, சாஃப்ட்வேருக்கு காசு குடுக்கறதில்ல, என்னைக்காவது குடுப்பாங்க, திருடறதுதான்னா எங்களோடதையே திருடட்டும், பழகிடுவாங்க, எப்படி வசூல் பண்றதுன்னு பின்னாடி பாத்துக்கறோம்னு. 1976ல அப்படி புலம்பின அதே மனுஷன் தான். க்ராக் போட்டு கம்பெனிக்காரன பழி வாங்கறதா நெனைக்கற தம்பிங்க எல்லாரும் இத ஒருக்கா படிக்கணும். நீங்க பழி வாங்கலப்பா, அவனுக்கு சம்பளமில்லாம ஆள் புடிச்சுக் குடுக்கறீங்க.

வசூல் பண்ற காலமும் வந்துடுச்சு பாருங்க. 2013ல ஃபோட்டோஷாப் கம்பெனியான அடோபி இனி புது வெர்ஷன ஒரே தடவ காசு குடுத்து சொந்தமா வாங்க முடியாது, மாசாமாசம் வாடகை கட்டணும்னு மாத்திட்டாங்க. நடுவுல நிறுத்தினா கட்ட வேண்டிய தொகைய மறைச்சு வெக்கறாங்கன்னு 2024 ஜூன்ல அமெரிக்க அரசோட வர்த்தக ஆணையம் அனுப்பின புகார்ல அங்க நீதித்துறையே அவங்க மேல கேஸ் போட்டுச்சு. கட்டட டிராயிங் போடற ஆட்டோகேடும் 2016ல இருந்து அதே வாடகைக் கதை தான். இப்ப விட்டுட்டு வரலாம்னா வர முடியல, ஏன்னா கைப்பழக்கம் பூரா அதுல, பழைய ஃபைல் பூரா அதுல. கோயம்புத்தூர்ல வேலைக்கு ஆள் எடுக்கற பிரஸ்ல "ஃபோட்டோஷாப், கோரல் தெரியுமா"ன்னு தான் கேக்கறாங்க, டிசைன் தெரியுமான்னு கேக்கறதில்ல. என் ஸ்டூடன்ட்ஸ் இன்டர்வியூ போய்ட்டு வந்து இதத்தான் சொல்றாங்க. காசு குடுத்து வாங்காத சாஃப்ட்வேர ஊரு பூரா கத்து வெச்சிருக்கறதால, அதுவே தொழிலுக்குத் தகுதின்னு ஆகிப்போச்சு.

இந்த இடத்துல கம்பெனிக்காரங்க சொல்ற கணக்கையும் பேசிடறேன். பிஎஸ்ஏன்னு சாஃப்ட்வேர் கம்பெனிகளோட கூட்டமைப்பு 2018ல ஒரு சர்வே வெளியிட்டாங்க, 2017ல இந்தியால போட்டிருந்த சாஃப்ட்வேர்ல 56 சதவீதம் லைசன்ஸ் இல்லாததுன்னும் உலக அளவுல அது 37 சதவீதம்னும் அதுல இருக்கு. அதுக்கு கோடிக்கணக்கான டாலர் மதிப்பும் போட்டிருக்காங்க. அந்தப் பணம் பூரா அவங்க கைக்கு வர வேண்டிய பணம்னு படிக்கறவங்க நெனைச்சுக்கறாங்க, அது எனக்கு ஒத்துக்க முடியல. க்ராக் கிடைக்கலன்னா எங்க ஊரு ஸ்டுடியோக்காரரு அவ்வளவு காசு குடுத்து வாங்கியிருப்பாரா? மாட்டாரு. வேற எதையாவது தேடியிருப்பாரு. அந்த "வேற எதையாவது" செஞ்சு வெச்சிருக்கானே ஒருத்தன், அவனுக்குப் போக வேண்டிய ஆளு தான் இங்க போய்டறான். அவனோட நஷ்டத்த எந்த சர்வேயும் எண்றதில்ல.

தமிழ்ல நடந்தத சொன்னா இன்னும் நல்லாப் புரியும். கம்ப்யூட்டர்ல தமிழ் வர்றதுக்கு பல பேரு ராத்திரி பகலா உழைச்சிருக்காங்க. மலேசியால முத்து நெடுமாறன் முரசு அஞ்சல்ங்கற தமிழ் டைப்பிங் சாஃப்ட்வேர செஞ்சாரு, இங்க விஸ்வநாதன் "அழகி"ன்னு ஒண்ண எழுதி இலவசமா குடுத்தாரு, எ-கலப்பைன்னு ஒண்ணு ஓப்பன் சோர்ஸா வந்துச்சு, என்எச்எம் ரைட்டரும் இலவசம். 1999ல சென்னைல நடந்த தமிழ்இணையம் மாநாட்டோட தமிழ்99 கீபோர்ட அரசாங்கம் ஏத்துக்குச்சு, 2010ல எல்லா கம்ப்யூட்டருக்கும் பொதுவான யூனிகோட் எழுத்து முறைய ஏத்துக்கிட்டு ஆணை போட்டாங்க. இவ்வளவும் இருந்தும் நம்ம டிடிபி கடைகள்ல என்ன ஓடிச்சு? "தமிழ் ஃபாண்ட் கலெக்ஷன்"னு ஒரு சிடி, நூத்துக்கணக்கான ஃபாண்ட்டு, யாரு வரைஞ்சது எந்தக் கம்பெனியோடதுன்னு ஒரு தகவலும் இல்லாம, ஊட்டில இருந்து கூடலூர் வரைக்கும் ஒரே சிடி கை மாறிட்டே இருந்துச்சு. அப்புறம் அது பென்டிரைவ் ஆச்சு, இப்போ கூகுள் டிரைவ் லிங்க்.

ஒரு தமிழ் ஃபாண்ட் வரையறதுன்னா சும்மா இல்லீங்க. 247 எழுத்துக்கும் தனித்தனியா வரைய வேண்டியதில்லன்னாலும், உகர ஊகாரம் ஒவ்வொரு மெய்க்கும் வேற வேற மாதிரி ஒட்டும், கு ஒரு மாதிரி, து ஒரு மாதிரி, மு ஒரு மாதிரி, அது ஒவ்வொண்ணையும் தனியா வரையணும், சின்ன சைஸ்ல அச்சடிச்சா சுழி அடைச்சுக்கக் கூடாது, ரகரமும் காலும் ஒண்ணா தெரியக் கூடாது. நான் பசங்களுக்கு 8 பாயிண்ட்ல பிரிண்ட் எடுத்து கைல குடுத்து பாக்கச் சொல்லுவேன், அப்போதான் வரைஞ்சவங்க கஷ்டம் தெரியும். அந்த வேலைக்கு ஒரு ரூபா வரலன்னா அடுத்த ஃபாண்ட்ட யாரு வரைவா? தமிழ் பத்திரிகை, கல்யாணப் பத்திரிகை, ஃபிளக்ஸ் பேனர்னு எல்லாத்துலயும் வருஷக்கணக்கா அதே நாலஞ்சு எழுத்து முகம் தான் திரும்பத் திரும்ப வந்துச்சுன்னா அதுக்கு இதுவும் ஒரு காரணம்னு நான் உறுதியா நம்பறேன். இப்ப தான் நிலைமை மாறியிருக்கு, நோட்டோ சான்ஸ் தமிழ், கேட்டமரான், ஹிந்த் மதுரை, முக்தா மலர், பாலூ தம்பின்னு நல்ல நல்ல ஃபாண்ட்டெல்லாம் ஓப்பன் லைசன்ஸ்ல வந்துடுச்சு, நோட்டீஸ் அடிக்கலாம், பேனர் போடலாம், காசுக்கு டிசைன் பண்ணிக் குடுக்கலாம், யாரும் கேக்க மாட்டாங்க. ஆனா பாருங்க, எங்க ஊருல பாதிக் கடைக்கு இது இருக்கறதே தெரியாது, இன்னும் அந்தப் பழைய சிடி ஃபாண்ட்டு தான்.

எங்க குரூப்ல ஒரு பெரியவரு ஒரு நாள் கேட்டத இங்க சொல்லணும். அவரு சிறு தேயிலை விவசாயி. கோத்தகிரி சுத்தி பச்சை தேயிலைக்கு நியாயமான விலை வேணும்னு ஜனங்க உண்ணாவிரதமே இருந்திருக்காங்க, உங்க பேப்பர்லயும் வந்துச்சு. அவரு கேட்டாரு, "நம்ம இலைய ஃபேக்டரிக்காரன் எடுத்துட்டு விலைய குறைச்சா வயித்தெரிச்சல் பட்டு ரோட்டுக்கு வர்றோமே, ஒரு பையன் ரெண்டு வருஷம் உக்காந்து எழுதினத நாம சும்மா எடுத்தா அது என்னங்க நியாயம்?" குரூப்ல கொஞ்ச நேரம் யாரும் பதில் போடல. அப்புறம் ஒருத்தர் "அது வேற இது வேற"ன்னு போட்டாரு, ஏன் வேறன்னு இன்னும் சொல்லல.

அதுக்காக நான் ஸ்டூடன்ட்ஸ திருடன்னு சொல்ல மாட்டேன். சொல்லவும் கூடாது. சட்டமே அப்படி ஒரே தட்டுல வெக்கல. 1957ம் வருஷ காப்பிரைட் சட்டத்துல கம்ப்யூட்டர் புரோகிராம் ஒரு இலக்கியப் படைப்பு மாதிரி தான், நாவலுக்கு இருக்கற பாதுகாப்பு அதுக்கும் உண்டு. 63பி பிரிவு என்ன சொல்லுதுன்னா, திருட்டு காப்பின்னு தெரிஞ்சே கம்ப்யூட்டர்ல பயன்படுத்தினா 7 நாள்ல இருந்து 3 வருஷம் வரைக்கும் ஜெயில், 50 ஆயிரத்துல இருந்து 2 லட்சம் வரைக்கும் அபராதம். ஆனா லாபத்துக்காகவோ தொழிலுக்காகவோ பயன்படுத்தலன்னா கோர்ட்டு காரணம் எழுதி ஜெயில் இல்லாம 50 ஆயிரத்துக்குள்ள அபராதத்தோட விடலாம்னு அதே பிரிவுல இருக்கு. காசு குடுத்து வாங்கினவங்க பாதுகாப்புக்கு ஒரு பேக்கப் காப்பி எடுத்து வெச்சுக்கலாம்னு 52வது பிரிவுல இருக்கு. இதெல்லாம் தெரியாம குரூப்ல ஒருத்தர ஒருத்தர் "உள்ள போய்டுவ"ன்னு மிரட்டிக்கறாங்க.

என் கோவம் வேற ஆள் மேல. லேப்டாப் ஸ்லோவா இருக்குன்னு ஒரு அம்மா சர்வீஸ் கடைக்கு கொண்டு போறாங்க. ஃபார்மட் அடிச்சு ஓஎஸ் போட்டு ஆஃபீஸ் போட்டு ஆன்டிவைரஸ் போட்டு குடுக்கறோம்னு சொல்லி காசு வாங்கறாங்க. பில்லுல "சர்வீஸ் சார்ஜ்"னு மட்டும் இருக்கும், பல கடைல பில்லே இருக்காது. உள்ள போட்டது பூரா க்ராக்கு. அந்த அம்மாவுக்கு தெரியுமா? காசு குடுத்தோம், சாஃப்ட்வேர் வாங்கிட்டோம்னு நெனைச்சுட்டு போறாங்க. ஸ்டூடன்ட் ஒருத்தன் தெரிஞ்சே வீட்டுல போட்டுக்கறதும், ஒரு கடை காசு வாங்கிட்டு சொல்லாம போட்டு அனுப்பறதும் ஒண்ணா? அந்த அம்மாவ ஏமாத்தறதத்தான் நான் திருட்டுன்னு சொல்லுவேன். கம்பெனிக்கு நடக்கறத விட இவங்களுக்கு நடக்கறது மோசம், ஏன்னா இவங்களுக்கு "வேணாம்"னு சொல்ற வாய்ப்பே குடுக்கல.

அதோட பலன் என்னன்னு எங்க பக்கத்துல ஒரு சின்ன ஸ்டுடியோல பாத்தோம். வீடியோ எடிட்டிங் சாஃப்ட்வேருக்கு க்ராக் இறக்கி ஓட்டினாங்க. எல்லா க்ராக்லயும் முதல் வரி ஒண்ணே தான், "ஆன்டிவைரஸ ஆஃப் பண்ணிட்டு இன்ஸ்டால் பண்ணு". பூட்ட தொறந்து வெச்சுட்டு வான்னு சொல்றான், நாமளும் தொறந்து வெக்கறோம். மறுநாள் காலைல கம்ப்யூட்டர ஆன் பண்ணா எல்லா ஃபோட்டோ பேரோட கடைசிலயும் என்னமோ நாலு எழுத்து ஒட்டியிருக்கு, எதுவும் தொறக்கல, ஒவ்வொரு ஃபோல்டர்லயும் ரீட்மீன்னு ஒரு டெக்ஸ்ட் ஃபைல். அதுல 980 டாலர் குடுத்தா சாவி தரோம், 72 மணி நேரத்துக்குள்ள பேசினா பாதி விலை, 490 டாலர்னு எழுதியிருக்கு. ஸ்டாப்ங்கற ரான்சம்வேர் (ஃபைல பூட்டிட்டு பணம் கேக்கற வைரஸ்) அது, டிஜேவியூ (Djvu)ன்னும் சொல்லுவாங்க, க்ராக்லயும், போலி லைசன்ஸ் நம்பர் போட்டுத் தர்ற கீஜென்லயும் ஒளிஞ்சு தான் முக்கியமா பரவுது. பழைய வகைகளுக்கு 2019ல எம்சிசாஃப்ட்ங்கற ஆன்டிவைரஸ் கம்பெனி பூட்டின ஃபைல தொறக்க ஒரு இலவச டூல் குடுத்தாங்க, இவங்களுக்கு வந்தது புது வகை, வேலைக்காகல. போனது என்னன்னா ஊரு ஜனங்களோட கல்யாணம், வளைகாப்பு, ஒரு தாத்தாவோட கடைசி நாள் ஃபோட்டோ. அந்தக் குடும்பம் வந்து கேட்டப்போ ஸ்டுடியோக்காரரு முகத்த பாத்திருந்தா "கம்பெனிக்காரனுக்கு என்ன நஷ்டம்"னு குரூப்ல யாரும் எழுத மாட்டாங்க.

2017 மே மாசம் வான்னாக்ரைன்னு இன்னொரு ரான்சம்வேர் வந்தப்பவும் இதே கதை. மைக்ரோசாஃப்ட் ரெண்டு மாசம் முன்னாடி, மார்ச்லயே அந்த ஓட்டைய அடைச்சு அப்டேட் விட்டாச்சு. க்ராக் விண்டோஸ்ல அப்டேட்ட ஆஃப் பண்ணித்தான் குடுப்பாங்க, அப்டேட் ஆனா ஆக்டிவேஷன் போய்டும்னு. அப்புறம் அடைச்ச ஓட்டை எப்படி அடையும்?

இப்ப வழி என்னன்னு கேப்பீங்க. எங்க சென்டர்ல நாங்க செய்யறத சொல்றேன். டேலிய எஜுகேஷன் மோட்ல ஓட்டறோம், அது இலவசம், சட்டப்படி சரி. ஒரே தொல்லை என்னன்னா அதுல மாசத்தோட 1ம் தேதி, 2ம் தேதி, கடைசி தேதி மட்டும் தான் என்ட்ரி போட முடியும். புதுசா வர்ற பசங்க முதல் வாரம் கடுப்பாவாங்க, "அக்கா, என் மாமா பையன் ஃபுல் வெர்ஷன் வெச்சிருக்கான், பென்டிரைவ்ல கொண்டு வரட்டா"ன்னு கேப்பாங்க. நான் வேணாம்னுடுவேன். ஒரு லீஃப் ஏஜென்ட்டோட (விவசாயிங்ககிட்ட பச்சை தேயிலை எடுக்கறவரு) கணக்கு நோட்ட எடுத்து மேசைல வெப்பேன், தினமும் எத்தன கிலோ எடுத்தாரு, அட்வான்ஸ் எவ்வளவு குடுத்தாரு, கழிவு எவ்வளவு, மாசக் கடைசில டீ போர்டு சொல்ற விலைக்கு எவ்வளவு பாக்கின்னு. அத முழுக்க பேப்பர்ல தேதி வாரியா ஜர்னல் எழுதிட்டு, டேலில ஒண்ணாந்தேதிலயும் கடைசித் தேதிலயும் போடுவோம், உண்மையான தேதிய நேரேஷன்ல எழுதிடுவோம். கணக்கு கத்துக்க அது போதும். பேப்பர்ல முதல்ல எழுதறதால பற்று எது வரவு எதுன்னு இன்னும் நல்லாவே மனசுல நிக்குது. இந்த மாதிரி படிச்சு போன பொண்ணுங்க இன்னைக்கு திருப்பூர்லயும் குன்னூர்லயும் கணக்கு வேலைல இருக்காங்க.

டிடிபிக்கு இங்க்ஸ்கேப்பும் ஸ்க்ரைபஸும் கிம்ப்பும், லெட்டருக்கு லிப்ரே ஆஃபீஸ். எல்லாம் சுலபம்னு நான் பொய் சொல்ல மாட்டேன். சிவகாசிக்கு காலண்டர் ஆர்டர் அனுப்பினா கோரல் டிராவோட சிடிஆர் ஃபைல் குடுங்கன்னு தான் கேப்பாங்க, பிடிஎஃப் அனுப்பி ஃபோன்ல பேசி புரிய வெக்கணும், கலர் மாறாம இருக்க, அச்சுக்கான சிஎம்ஒய்கே கலர் முறைய ஸ்க்ரைபஸ்ல தான் செட் பண்ணணும், கிம்ப்ல அது ரொம்ப காலம் சரியா இல்ல. பழைய வானவில் ஃபாண்ட்டுல அடிச்ச லெட்டர யூனிகோடுக்கு மாத்தினா அங்கங்க எழுத்து உடையும், ஒக்காந்து திருத்தணும். கஷ்டம் தான். ஆனா இந்தக் கஷ்டம் பாதி குறைஞ்சிருக்கும், ஊருல இன்னும் நாலு பேரு இதையே பயன்படுத்தியிருந்தா. ஒருத்தர ஒருத்தர் கேட்டு கத்துக்கலாம், பிரஸ்காரரும் பழகியிருப்பாரு. கல்யாண வீடியோவுக்கு டாவின்சி ரிசால்வ்ல இலவச வெர்ஷனே இருக்கு, பெரும்பாலான வேலைக்கு அது போதும். கட்டட டிராயிங் படிக்கற பசங்களுக்கு ஆட்டோகேட் கம்பெனியான ஆட்டோடெஸ்க்கே ஸ்டூடன்ட் லைசன்ஸ் சும்மா தராங்க, காலேஜ்ல யாரும் சொல்லாததால அவங்களும் க்ராக்க தேடறாங்க. தமிழ்லயே இதெல்லாம் படிக்கணும்னா கணியம்ங்கற இணைய இதழ்காரங்க 2012ல இருந்து இலவசமா எழுதி குமிச்சு வெச்சிருக்காங்க.

அரசாங்கத்தையும் கேக்கணும். 2011ல பிளஸ் டூ பசங்களுக்கும் காலேஜ் பசங்களுக்கும் இலவச லேப்டாப் குடுக்க ஆரம்பிச்சாங்க, அதுல சிடாக்ங்கற மத்திய அரசு நிறுவனத்தோட சென்னை கிளைல உருவான பாஸ் லினக்ஸும் போட்டு குடுத்தாங்க. அதுக்கு முன்னாடியே தமிழ்நாடு அரசோட எலக்ட்ரானிக்ஸ் நிறுவனமான எல்காட்ல உமாசங்கர் ஐஏஎஸ் எம்டியா இருந்தப்போ ஆபீஸ் பூரா லினக்ஸுக்கு மாத்திக் காட்டினாரு. நல்ல ஆரம்பம். ஆனா பள்ளிக்கூடத்துல அத எப்படி ஓட்டறதுன்னு சொல்லித் தர ஆள் இல்ல, பசங்க நேரா சர்வீஸ் கடைக்கு போய் அழிச்சுட்டு க்ராக் விண்டோஸ் அல்டிமேட் போட்டுட்டு வந்தாங்க, இத நான் கண்ணால பாத்தேன். பாட்டவயல் செக்போஸ்ட்ட தாண்டினா வயநாடு, அங்க கவர்மென்ட் ஸ்கூல் பிள்ளைங்க கம்ப்யூட்டர் பாடத்த பல வருஷமா லினக்ஸ்லயே படிக்கறாங்க, பரிட்சையும் அதுலயே எழுதறாங்க. அங்க முதல்ல வாத்தியாருக்கு டிரெயினிங் குடுத்தாங்க. நம்ம ஊருல 2025 பட்ஜெட்ல காலேஜ் பசங்க 20 லட்சம் பேருக்கு கம்ப்யூட்டர் சாதனம் தரோம்னு அறிவிச்சாங்க, சந்தோஷம், கூடவே ஒரு வாரம் உக்கார வெச்சு அதுல இருக்கற இலவச சாஃப்ட்வேர சொல்லிக் குடுங்கன்னு தான் கேக்கறேன்.

இதுல அவசரமும் இருக்கு. 2025 அக்டோபர் 14ஓட விண்டோஸ் 10க்கு மைக்ரோசாஃப்ட் வழக்கமா குடுத்துட்டு இருந்த இலவச அப்டேட் முடிஞ்சுது. விண்டோஸ் 11க்கு டிபிஎம் 2.0ங்கற பாதுகாப்பு சிப் வேணும், எங்க மலைல ஸ்கூல்லயும் இ-சேவை மையத்துலயும் ஹோம்ஸ்டேலயும் இருக்கற பழைய கம்ப்யூட்டர் பலதுல அது கிடையாது. நல்லா ஓடற மெஷின். இப்ப சர்வீஸ் கடைகள்ல அந்த செக்கிங்க ஏமாத்தற பேட்ச் போட்டு விண்டோஸ் 11 ஏத்தித் தர ஆரம்பிச்சுட்டாங்க, க்ராக்குக்கு மேல க்ராக்கு. அதே மெஷின்ல லினக்ஸ் மின்ட் போட்டா இன்னும் பல வருஷம் அப்டேட்டோட ஓடும், ஒரு பைசா செலவில்ல.

அதனால நீலகிரில இருக்கற சர்வீஸ் கடைக்கார அண்ணன்மாருக்கு உங்க பேப்பர் மூலமா ஒரு கோரிக்கை வெக்கறேன். நீங்களும் கஷ்டப்பட்டு தான் கடை நடத்தறீங்க, வாடகை, கரண்ட் பில் எல்லாம் எனக்கும் தெரியும். பில்லுல என்ன ஓஎஸ் போட்டோம், லைசன்ஸ் இருக்கா இல்லையா, ஆன்டிவைரஸ் எது, அப்டேட் ஆன்ல இருக்கா ஆஃப்லயான்னு நாலு வரி எழுதிக் குடுங்க. "லைசன்ஸ் வேணும்னா இவ்வளவு ஆகும், இல்ல இலவச லினக்ஸ் போட்டுத் தரட்டுமா"ன்னு ஒரு வார்த்தை கேளுங்க, லினக்ஸ் போடறதுக்கும் உங்க சர்வீஸ் சார்ஜ் அதே தான், குறைக்க வேண்டாம். ஆசிரியருக்கும் ஒரு வேண்டுகோள், வாரத்துல ஒரு நாள் அரைப் பக்கம் ஒதுக்கி தமிழ்ல இலவச சாஃப்ட்வேர் பத்தி எழுதுங்க, முதல் வாரம் இங்க்ஸ்கேப்ல தமிழ் நோட்டீஸ் அடிச்சு பிரஸ்ஸுக்கு பிடிஎஃப் அனுப்பறது எப்படின்னு போடுங்க, அந்த ஒரு கட்டுரைக்கு வேண்டிய ஸ்கிரீன்ஷாட்ட எல்லாம் எங்க சென்டர் பொண்ணுங்களே எடுத்து அனுப்பறோம்னு சொல்லியிருக்காங்க.

இப்படிக்கு,
ஒரு கம்ப்யூட்டர் டீச்சர்,
கோத்தகிரி